இரவல் கதிரைகள்

நலன்புரிச் சங்கத்துப் பிள்ளைகள் சிறப்பு மலர் போடுகிறார்களாம். ஓய்வு பெற்றவர்களிடம் அனுபவம் கேட்கிறார்கள். எனக்கு எழுதிப் பழக்கமில்லை. எட்டாம் வகுப்போடு நின்றவன். கேட்டதற்காக எழுதுகிறேன். எழுத்துப் பிழையைத் திருத்துங்கள். கதையைத் திருத்த வேண்டாம்.

கந்தோர் வேலைக்குப் புதிதாக வந்திருக்கும் உங்களில் பலர் என்னைப் போலத்தான் வந்திருக்கிறீர்கள். வேலையில் இருக்கும்போது அப்பா செத்தார், அல்லது அம்மா செத்தார். வேலை கிடைத்தது. கடிதத்தில் அதைக் கருணை அடிப்படை என்று எழுதுவார்கள். நல்ல சொல். ஆனால் அந்தக் கருணை யாருடையது என்று கடிதத்தில் எங்கும் இருக்காது.

என் அப்பா இறங்குதுறையில் படகுக்குக் கயிறு கட்டுகிற வேலை செய்தவர். காய்ச்சலில் செத்தார். எனக்கு நேர்முகம் வைத்தார்கள். மூன்று பேர் இருந்தார்கள். கேட்டது ஒரே கேள்வி: அப்பா எப்போது செத்தவர்? திகதியைச் சொன்னேன். வாழ்க்கையில் நான் முழுப் புள்ளி எடுத்த பரீட்சை அது ஒன்றுதான்.

அதற்கு முதல் இன்னொரு பரீட்சை நடந்தது. அதை எழுதியது எங்கள் வீடு. குடும்பம் உண்மையில் கஷ்டத்தில் இருக்கிறதா என்று பார்க்கக் கந்தோரில் இருந்து ஆட்கள் வருவார்கள். வந்து பார்த்து அறிக்கை எழுதுவார்கள். மாமாவுக்கு இந்த விசயம் தெரியும். அன்று காலை றேடியோவைப் பக்கத்து வீட்டில் கொண்டுபோய் வைத்தார். கதவுச் சீலையைக் கழற்றினார். கோழிகளைக் கூடையால் மூடிக் கிணற்றடிக்குக் கொண்டுபோனார். அம்மாவிடம் நல்ல சீலை உடுக்க வேண்டாம் என்றார். இருந்தால்தானே உடுக்க என்றார் அம்மா. எங்களிடம் இருந்ததே அந்த றேடியோவும் கோழியும்தான். அதையும் ஒளித்த பிறகு எங்கள் வீட்டைப் பார்க்க எனக்கே பாவமாக இருந்தது.

இதை முதலிலேயே சொல்லி வைக்கிறேன். பின்னால் நான் ஏன் வாய் திறக்கவில்லை என்று நீங்கள் கேட்பீர்கள்.

நானும் அப்பாவைப் போல முதலில் கயிறுதான் கட்டினேன். பிறகு பியோனாகக் கந்தோருக்குள் எடுத்தார்கள். நான் சொல்ல வந்த விசயம், ஓய்வு பெறுவதற்கு இரண்டு வருடத்துக்கு முன் நடந்தது.

ஒரு வெற்றிடம் இருந்தது. இரண்டு குடும்பம் கேட்டிருந்தது. ஒன்று ரவுணில், பட்டணத்துத் துறைமுகப் பக்கம். இறந்தவர் எங்கள் களஞ்சியக் காப்பாளர். அவருடைய மகன் விண்ணப்பித்திருந்தான். மற்றது வெருகல் பக்கம். அங்கே கரையில் எங்கள் திணைக்களத்தின் சாமான் வைக்கும் கொட்டில் ஒன்று இருக்கிறது. அதன் காவலாளி இறந்துவிட்டார். அவருடைய மூத்த மகள் கோகிலா விண்ணப்பித்திருந்தாள். உயர்தரம் சித்தியடைந்தவள். கீழே பள்ளிக்கூடம் போகிற இரண்டு தம்பிமார். அந்த வீட்டில் உழைக்க வேறு ஆள் இல்லை.

எந்த வீட்டுக்கு அதிகக் கஷ்டம் என்று அறிக்கை சொல்லுமோ அந்த வீட்டுக்கு வேலை. மற்ற வீட்டுக்கு, அடுத்த வெற்றிடம் வரும்போது பார்ப்போம் என்று கடிதம் போகும். அந்தக் கடிதங்களைத் தபாலில் சேர்த்தவன் நான்தான். பிறகு யாரும் எதையும் பார்த்ததாக எனக்கு நினைவில்லை.

நாலு பேர் கந்தோர் வானில் போனோம். நிருவாக உத்தியோகத்தர், பிரதம லிகிதர், சாரதி, நான். உத்தியோகத்தர் இளம் ஆள். வேறு மாவட்டத்துக்காரர். நேர்மையானவர். கண்ணால் கண்டதை மட்டும் எழுதுவார். அவரிடம் இருந்த ஒரே பிரச்சினை அதுதான். பிரதம லிகிதர், கிளார்க்மாருக்குப் பெரியவர், கிண்ணியாக்காரி. மிஸ் என்று கூப்பிடுவோம். பெயர் போட வேண்டாம் என்று சொல்லியிருக்கிறார். என் வேலை பையைத் தூக்குவது. பைக்குள் விண்ணப்பக் கோவைகள், மைப்பெட்டி, உத்தியோகத்தரின் பதவி முத்திரை. வீட்டுக்காரர் சொல்வதை எழுதிக் கையெழுத்து வாங்கி அங்கேயே முத்திரை குத்த வேண்டும்.

காலையில் ரவுண் வீட்டுக்குப் போனோம். கூடத்தில் ஒரு பாய். பாயில் தாயும் மகனும் இருந்தார்கள். வேறு ஒரு சாமானும் இல்லை. உத்தியோகத்தர் நின்றபடியே கேள்வி கேட்டார். மகன் குனிந்த தலையை நிமிர்த்தவில்லை. நானும் நிலத்தைப் பார்த்தேன். மூலையில் சீமெந்து ஒரு சதுரமாக வெளிறியிருந்தது. நாலு பக்கமும் நாலு இரும்புக் கறள் புள்ளி. பிரிஜ் நின்ற இடம். சுவரில் ஆள் உயரத்துக்கு ஒரு இடம் மட்டும் பூசின நாள் மாதிரிப் புதிதாக இருந்தது. அது அலுமாரி நின்ற இடம். சாமானைத் தூக்கினவர்கள் அடையாளத்தைத் தூக்க மறந்துவிட்டார்கள்.

உத்தியோகத்தருக்குக் கண் கலங்கிவிட்டது. வானில் ஏறினதும், பாயைத் தவிர அந்த வீட்டில் ஒன்றுமில்லை என்றார். சாரதி கண்ணாடியில் என்னைப் பார்த்தான். நான் மடியில் இருந்த பையைப் பார்த்தேன். அந்தப் பெடியன் குனிந்திருந்த மாதிரித்தான் நானும் ஒருநாள் குனிந்திருந்தேன். அவனைக் காட்டிக்கொடுக்க எனக்கு என்ன வாய்?

கிண்ணியாப் பாலம் ஏறி, மூதூர் தாண்டி, வெருகல் போய்ச் சேர மத்தியானமாகிவிட்டது.

வேலிப் படலைக்கு வெளியிலேயே பெருக்கித் தண்ணீர் தெளித்திருந்தார்கள். கட்டத் தொடங்கிப் பாதியில் நின்ற வீடு. சுவர் பூசவில்லை. உள்ளே போனால் எட்டு நீலக் கதிரை இரண்டு வரிசையாக. பூப்போட்ட துணி விரித்த மேசை. நிற்கிற மின்விசிறி ஒன்று சுழன்றுகொண்டிருந்தது. தட்டில் வாழைப்பழம், கேக், பிஸ்கட். காவலாளியின் பெண்சாதி பாக்கியம் வாசலில் நின்று கும்பிட்டார். உத்தியோகத்தரையும் மிஸ்ஸையும் முன் வரிசையில் இருத்தினார். நான் சுவரோடு நின்றேன். எத்தனையோ வீட்டுக்கு இப்படிப் போயிருக்கிறேன். பியோனுக்கு யாரும் கதிரை காட்டுவதில்லை. நானும் எதிர்பார்ப்பதில்லை.

“நீங்களும் இருங்க அண்ணன்,” என்றார்.

வேண்டாம் என்றேன்.

“இருங்க. அவர் இருந்தா உங்கள நிக்க விட்டிருப்பாரா?”

இருந்தேன். பின் வரிசை. எனக்கு நேர் முன்னால் உத்தியோகத்தரின் முதுகு. அவருடைய கதிரையின் பின்பக்கத்தில் வெள்ளைப் பெயின்றால் எழுதியிருந்தது: ம. உ. ச. 14. மிஸ்ஸின் கதிரையில் 9. மரண உதவிச் சங்கம். ஊரில் செத்த வீடென்றால் சங்கம் கதிரை கொடுக்கும். கலியாணத்துக்கும் கொடுக்கும். கந்தோர் ஆட்கள் வருவதற்கும் கொடுக்கும் என்று அன்றுதான் கண்டேன்.

மின்விசிறியின் வயரைப் பார்த்தேன். யன்னலால் வெளியே போய், வேலியைத் தாண்டி, அடுத்த வீட்டுக்குள் போனது. தேத்தண்ணி வந்தது. கோப்பை, சோசரோடு. குடித்து முடித்துக் கோப்பையைக் கவிழ்த்துப் பார்த்தேன். அடியில் சிவப்பு நகப்பூச்சால் ஒரு பொட்டு. இரவல் போகிற பாத்திரம் மாறிப்போகாமல் இருக்க எங்கள் பெண்கள் வைக்கிற அடையாளம். மிஸ் தன் கோப்பையைத் தூக்கும்போது பார்த்தேன். அதில் பச்சைப் பொட்டு. ஆக, கோப்பையே இரண்டு வீட்டில் இருந்து வந்திருக்கிறது.

முன்னால் இருந்து பார்த்தால் வசதியான வீடு. உத்தியோகத்தர் இருந்தது முன்னால்.

மின்சாரம் இருக்கிறதா என்று கேட்டார். பாக்கியம் சிரித்தார்.

“காத்து வருதுதானே சேர்.”

எழுதிக்கொண்டார். பிறகு, வீட்டில் என்ன கஷ்டம் என்று கேட்டார். இந்தக் கேள்வியின் பதிலுக்குத்தான் வேலை. ரவுண் வீட்டில் இதற்கு அரை மணித்தியாலம் பதில் சொன்னார்கள். பாக்கியம் மேசைத் துணியின் மடிப்பை நீவினார்.

“சமாளிக்கிறம் சேர்.”

சுவரோரம் நின்ற கோகிலாவுக்கு விளங்கிவிட்டது. முகம் கறுத்தது. அம்மா என்று தொடங்கினாள்.

“பிள்ளை, சேருக்குப் பழம் எடுத்துக் குடு,” என்றார் தாய்.

அவள் பழத்தைக் கொடுத்தாள். தன் வேலையையும் அந்தத் தட்டில் வைத்துக் கொடுக்கிற மாதிரித்தான் எனக்குப் பட்டது. முத்திரையை எடுத்துக் கொடுத்தேன். உத்தியோகத்தர் குத்தினார். கும்பிட்டோம், வந்தோம்.

திரும்பி வரும்போது உத்தியோகத்தர் சொன்னார், காவலாளி வீடு பரவாயில்லை, மரியாதையான குடும்பம், எப்படியும் நிமிர்ந்துவிடும் என்று. ரவுண் குடும்பத்துக்குத்தான் கட்டாயம் கொடுக்க வேண்டுமாம். வானில் இருந்தே அறிக்கையை எழுதத் தொடங்கினார். அடுத்த நாள் பன்னிரண்டு மணித் தபாற் பையில் மேலிடத்துக்குப் போக வேண்டும். போனால் போனதுதான். திருத்த ஏலாது.

நான் ஒன்றும் சொல்லவில்லை. மிஸ்ஸும் ஒன்றும் சொல்லவில்லை. கிண்ணியாவில் இறங்கும்போது கூடச் சொல்லவில்லை.

அடுத்த நாள் காலை எட்டரைக்கு மிஸ்ஸுக்குத் தேத்தண்ணி கொண்டுபோனேன். அவர் கோப்பையைத் தூக்கி அடியைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

“நீங்க நேத்து கண்டீங்களா?”

“ஓம் மிஸ்.”

“நானும் கண்டன்.”

“பிறகேன் மிஸ் சொல்லேல்ல?”

“பின்னுக்கு இருந்தது நீங்க. எல்லாத்தையும் முழுசாக் கண்டது நீங்க. சொல்லுவீங்க எண்டு பார்த்துக்கொண்டு இருந்தன்.”

பெரியவர் அவர், அவர்தான் சொல்லுவார் என்று நான் இருந்ததைச் சொன்னேன். அவர் சிரிக்கவில்லை. இரண்டு பேரும் மரியாதை காட்டினதில் அந்தப் பிள்ளையின் வேலை போகப் பார்க்கிறது என்றார்.

போய்ச் சொல்வது லேசு என்று நினைப்பீர்கள். லேசில்லை. இரண்டு காரணம். ஒன்று, உத்தியோகத்தர் கண்டதைத்தான் எழுதுவார். பியோன் சொன்னதை எழுத மாட்டார். அதில் பிழையுமில்லை. பியோன் சொல்லை எழுதத் தொடங்கினால் நாளைக்கு ஒவ்வொரு பியோன் வீட்டு வாசலிலும் ஆள் நிற்கும். இரண்டு, வெருகல் வீட்டில் இருந்தது இரவல் என்று சொன்னால், ரவுண் வீட்டில் இல்லாததும் இரவல்தான் என்று சொல்ல வேண்டி வரும். அந்தப் பெடியனுக்கும் அப்பா செத்ததுதானே. அது பொய்யில்லையே.

ஆகவே, அவர் தன் கண்ணால் இன்னொரு தரம் பார்க்க வேண்டும். சொல்லாமல் கொள்ளாமல் போய்ப் பார்க்க வேண்டும். அதுவும் பன்னிரண்டு மணிக்குள் அறிக்கை போகாமல் இருக்க வேண்டும்.

ஒன்பது மணிக்கு உத்தியோகத்தரின் மேசைக்கு முன்னால் போய் நின்றேன்.

“சேர், முத்திரையைக் காணேல்ல.”

அவர் பேனையை வைத்துவிட்டார். பதவி முத்திரை தொலைந்தால் என்ன நடக்கும் என்று உங்களுக்கு இன்னும் தெரியாது. பொலிசில் முறைப்பாடு. பிறகு விசாரணை. யார் எதில் குத்தினாலும் உத்தியோகத்தரின் தலை. முத்திரை இல்லாமல் அறிக்கையும் போகாது. எங்கே விட்டீர்கள் என்று கேட்டார். கடைசியாக வெருகல் வீட்டு மேசையில்தான் கண்டேன் என்றேன். அவர் உடனே தொலைபேசியை எடுத்தார். நான் இதை யோசிக்கவில்லை. அவர் அழைத்தால் கதிரை திரும்பவும் வந்துவிடும்.

மிஸ் அடுத்த மேசையில் இருந்து எழும்பி வந்தார். என் கையில் இருந்த சாப்பாட்டுப் பையை ஒருமுறை பார்த்தார். முப்பது வருடமாகக் கோவை பார்த்த கண். விளங்கிவிட்டது.

“போன்ல கேட்க வேணாம் சேர். முத்திரை துலைஞ்சது ஊருக்கே தெரிஞ்சிரும். நீங்களே போய் எடுத்திட்டு வாங்க.”

போனை வைத்தார். வான் கிளம்பியது. முத்திரை என் சாப்பாட்டுப் பைக்குள், சோற்றுப் பாசலுக்கு அடியில் இருந்தது. இப்போது சொல்கிறேன். இனி என்னை யாரும் விசாரிக்க ஏலாது.

வெருகலில் அன்று ஒரு செத்த வீடு. பாக்கியத்தின் வீட்டுக்கு நாலு வீடு முந்தி. வெள்ளைக் கொடி கட்டியிருந்தது. சனம் கூடிய வழியில் வான் மெதுவாகத்தான் போனது. பந்தலுக்குள் ஆண்கள் எங்கள் வான் போன ஒழுங்கைக்கு முதுகைக் காட்டி வரிசையாக இருந்தார்கள். எல்லாம் நீலக் கதிரை. ஒவ்வொரு முதுகுக்குக் கீழும் வெள்ளை எழுத்து. ம. உ. ச. 6. ம. உ. ச. 22. ஓரத்தில் ஒரு கிழவர் வெற்றிலை போட்டுக்கொண்டிருந்தார். அவருடைய கதிரை 14.

உத்தியோகத்தர் வானை நிற்பாட்டச் சொன்னார். அது என்ன எழுத்து என்று கேட்டார். சாரதி சொன்னான். அவர் இன்னும் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு போகச் சொன்னார்.

பாக்கியம் வாசலுக்கு வந்தார். எங்களைக் கண்டதும் கதவை மறித்துக்கொண்டு நின்றார். நேற்று வாங்க வாங்க என்று கூப்பிட்டவர்.

“சேர், இப்ப உள்ள வராதீங்க. இருக்க ஒண்டுமில்ல.”

உத்தியோகத்தர் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனார். கூடத்தில் மேசை இல்லை. விசிறி இல்லை. மூலையில் சுருட்டின பாய் மூன்று. ஒரு தகரப் பெட்டி. பெட்டியின் மேல் தம்பிமாரின் புத்தகம். குசினிப் பக்கம் அடுப்பு எரியவில்லை. செத்த வீட்டில் எல்லோருக்கும் சமைக்கிறார்கள், இன்றைக்கு அங்கே சாப்பிடலாம் என்று சின்னவன் எங்களுக்குச் சொன்னான். தாய் அவனைப் பார்த்த பார்வையில் அவன் வெளியே ஓடிவிட்டான்.

நான் முத்திரையைப் பற்றிக் கேட்க வேண்டியிருந்தது. கேட்டேன். அந்த மனுசி பெட்டியைத் திறந்து கவிழ்த்தார். பாயை விரித்து உதறினார். நாங்கள் களவெடுக்கிற ஆட்கள் இல்லை சேர் என்று இரண்டு தரம் சொன்னார். கோகிலாவும் தேடினாள். முற்றத்து மண்ணைக் கூடக் கையால் அளைந்து பார்த்தாள். என் சாப்பாட்டுப் பை என் தோளில் தொங்கியது. நல்லது செய்ய வந்தவன் அன்று அந்த வீட்டுக்குச் செய்தது அதுதான். அதற்கு நான் மன்னிப்புக் கேட்டதில்லை. கேட்டால் எல்லாவற்றையும் சொல்ல வேண்டி வரும்.

செம்பில் தண்ணீர் தந்தார்கள். உத்தியோகத்தர் நிலத்தில் குந்தியிருந்து குடித்தார்.

“நேற்று ஏனம்மா அதெல்லாம்?” என்று மட்டும் கேட்டார்.

“நீங்க வாறதுக்கு நிலத்தில இருத்துறதா சேர்? அவர் வேல செஞ்ச கந்தோர்.”

வானுக்குத் திரும்பினோம். ஆசனத்துக்குக் கீழே குனிந்து முத்திரையைக் கண்டெடுத்தேன். உத்தியோகத்தர் அதை வாங்கி மூக்குக்குக் கிட்டப் பிடித்தார். கருவாட்டுக் குழம்பு மணந்திருக்கும். என்னைப் பார்த்தார். முத்திரையைத் தன் சட்டைப்பைக்குள் போட்டுக்கொண்டார்.

பன்னிரண்டு மணிப் பை போய்விட்டது. அறிக்கை புதிதாக எழுதப்பட்டு அடுத்த நாள் போனது. கோகிலாவுக்கு வேலை என்று பதில் வந்தது. அதே கிழமை எனக்கும் ஒரு கடிதம் வந்தது. அரச முத்திரையைக் கையாள்வதில் கவலையீனம், கடும் எச்சரிக்கை. அதே முத்திரையால்தான் குத்தியிருந்தது. அந்தக் கடிதம் என் கோவையில் இன்னும் இருக்கும். விருப்பமானவர்கள் எடுத்துப் பார்க்கலாம்.

ரவுண் பெடியனைப் பிறகு மீன் சந்தையில் கண்டேன். ஒரு போன் திருத்துகிற கடையில் நிற்கிறானாம்.

“வேலையும் போச்சு அண்ணை, பிரிஜ்ஜும் போச்சு. சித்தப்பா வீட்டில வச்சனாங்கள். அவையள் அதுக்குள்ள மீன் வச்சுப் பழகிட்டினம், தாறதாய் இல்லை.”

அவனுக்கு என்னில் கோபமில்லை. நான் செய்தது அவனுக்குத் தெரியாது. இதை வாசித்தால் தெரியும். வாசிக்கட்டும். அன்று அவன் வாங்கின இரண்டு கிலோ சூரை மீனைத் தூக்கிக்கொண்டு பஸ் வரை போனதைத் தவிர அவனுக்கு நான் ஒன்றும் செய்யவில்லை.

நீங்களும் இனி வீடு பார்க்கப் போவீர்கள். எந்த வீடும் நீங்கள் வருவதற்கு முதல் நாள் இருந்த மாதிரி இருக்காது. சிலர் குறைத்து வைப்பார்கள், சிலர் கூட்டி வைப்பார்கள். எங்கள் வீடு குறைத்தது. அதில் நான் சம்பளம் எடுத்தேன். எனவே பெரிய கதை கதைக்க எனக்கு உரிமையில்லை. கதிரை தந்தால் இருக்கும் முன் பின்பக்கத்தைப் பாருங்கள். அவ்வளவுதான்.

நியமனக் கடிதம் இழுபட்டு இழுபட்டு, கோகிலா சேர வந்தபோது எனக்கு ஓய்வுக்கு நாலு மாதம் இருந்தது. மிஸ்ஸின் கிளையில் போட்டார்கள். கருணை அடிப்படை விண்ணப்பங்கள் வருகிற மேசை. மேசை இருந்தது. கதிரை இல்லை. கேட்டு எழுதினோம். அடுத்த வருடம் பார்ப்போம் என்று பதில் வந்தது. நாலு நாள் பழைய கோவைக் கட்டின் மேல் இருந்து வேலை செய்தாள். திங்கட்கிழமை வெருகல் பஸ்ஸில் இருந்து ஒரு நீலக் கதிரையோடு இறங்கினாள்.

“என்ன தங்கச்சி இது?”

“சங்கத்தில இரவல் கேட்டு வாங்கினனான் அண்ணன். கந்தோருக்குக் கதிரை வரும் வரைக்கும்.”

பின்பக்கத்தைப் பார்த்தேன். பதினாலு.

உத்தியோகத்தர் அன்று அந்தப் பக்கம் வந்தார். அவளுக்குப் பின்னால் நின்று வாசித்தார். அவள் எழும்பப் போனாள். வேண்டாம், இருங்கோ என்று சொல்லிவிட்டுப் போய் இன்னொரு நினைவூட்டல் கடிதத்தில் கையெழுத்து வைத்தார். இரவல் கதிரையை வைத்து ஒரு வீட்டின் கஷ்டத்தை அளக்கலாம் என்றால், எங்கள் கந்தோரைப் பற்றியும் யாராவது ஒரு அறிக்கை எழுத வேண்டும்.

போன மாதம் பென்சன் விசயமாக வந்தபோது பார்த்தேன். கதிரை இன்னும் அங்கேதான் இருக்கிறது. அப்பாவைப் பறிகொடுத்த பிள்ளைகள் முன்னால் நின்று விண்ணப்பம் கொடுக்கிறார்கள். அவர்களுக்குப் பின்பக்கத்து எழுத்துத் தெரியாது. உள்ளே இருக்கிற உங்களுக்குத் தெரியும். புதுக் கதிரை வந்தால் மறக்காமல் பதினாலைச் சங்கத்துக்குக் கொண்டுபோய்க் கொடுங்கள். அங்கே ஒவ்வொரு செத்த வீட்டிலும் ஒரு கதிரை குறைந்து ஒருவர் நிற்கிறார்.